கடனும் ஸுல்ஹும்



எல்லாப் புகழும் அல்லாஹ் ஒருவனுக்கே. ஸலவாத்தும் ஸலாமும் நம் நாயகம் ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்கள் மீதும், அவர்களுடைய கிளையார், தோழர்கள் அனைவர் மீதும் உண்டாவதாக.

வியாபாரப் பெருமக்களே, அன்புச் சகோதரர்களே!

தொழுகை, நோன்பு, ஜகாத் முதலியவற்றைப் பற்றி இப்பத்திரிகையில் எழுத ஆலிம் பெருமக்கள் இருக்கிறார்கள். நாம் மதரஸாவில் சில வருஷங்கள் ஓதி, ஆரம்பப் பள்ளியோடு படிப்பை நிறுத்திக்கொண்டு, கல்லாவில் உட்கார்ந்தவர்கள். ஆகையால் கல்லாவுக்கு அருகிலுள்ள ஒரு விஷயத்தைப் பற்றியே எழுதத் துணிந்தோம். அது கடன். அதிலும், பேங்கில் வாங்கிய கடன் தவறி, ஈடு வைத்த கட்டடம் ஏலத்துக்குப் போகும் சமயத்தில் ஒரு முஸ்லிம் என்ன செய்யக் கடமைப்பட்டவன் என்பதே நாம் சொல்லப்போகும் விஷயம்.

மதீனாவில் நடந்த ஒரு சம்பவத்தைப் புகாரி ஷரீபில் காண்கிறோம். கஃபு இப்னு மாலிக் (ரலி) என்ற ஸஹாபிக்கு, இப்னு அபீ ஹத்ரத் (ரலி) என்பவர் பணம் தர வேண்டியிருந்தது. பள்ளிவாசலுக்குள்ளேயே கஃபு அவர்கள் அதைக் கேட்க, இருவருடைய குரலும் உயர்ந்துவிட்டது. வீட்டுக்குள்ளிருந்த நாயகம் (ஸல்) அவர்கள் காதில் அந்தச் சத்தம் விழுந்தது. அவர்கள் வெளியே வந்து, அறையின் திரையை விலக்கி, கஃபு அவர்களைப் பெயர் சொல்லி அழைத்தார்கள். பாதியைக் குறைத்துவிடு என்று கையால் சைகை காட்டினார்கள். அப்படியே செய்துவிட்டேன் என்றார் கஃபு. உடனே நாயகம் (ஸல்) அவர்கள் கடன்பட்டவர் பக்கம் திரும்பி, எழுந்து மீதியைக் கொடுத்துவிடு என்று உத்தரவிட்டார்கள். வழக்கு அதோடு முடிந்தது.

சகோதரர்களே! இந்த ஹதீதை நாம் பலமுறை கேட்டிருக்கிறோம். கேட்கும்போதெல்லாம் நம் மனம் முதல் பாதியில் நின்றுவிடுகிறது. கடன் கொடுத்தவர் குறைத்துக்கொண்டார் என்பது நமக்கு இனிக்கிறது. கடன் வாங்கியவர் எழுந்து போய்க் கொடுக்க வேண்டும் என்ற பின்பாதியை நாம் மறந்துவிடுகிறோம். ஒருவர் விட்டுக்கொடுக்க, மற்றவர் எழுந்து கொடுக்க, இரண்டும் சேர்ந்தால்தான் அது ஸுல்ஹு, அதாவது சமாதானத் தீர்வு. ஒரு பாதி மட்டும் இருந்தால் அதற்கு அந்தப் பெயர் இல்லை.

இதை ஊருக்கு உபதேசமாகச் சொல்ல நமக்கு யோக்கியதை போதாது. நாமே இந்த விஷயத்தில் வழுக்கி விழுந்து எழுந்தவர்கள். வெட்கத்தை விட்டு அதைச் சொன்னால் யாராவது ஒருவருக்குப் பிரயோஜனப்படும் என்று நம்பியே சொல்லுகிறோம்.

நம் வாப்பா விட்டுச்சென்ற கடைவீடு ஒன்று நமக்கு உண்டு. கீழே துணிக்கடை, மேலே உம்மாவும் நாமும் குடியிருப்பு. சரக்குப் பெருக்குவதற்காக அந்தக் கிராண்டை ஒரு பேங்கில் ஈடு வைத்துக் கடன் வாங்கினோம். நம் மைத்துனர் ஜாமீன் கையெழுத்துப் போட்டார். சில வருஷங்கள் தவணை ஒழுங்காகப் போயிற்று. 2020 மார்ச் 18-ந் தேதி நாட்டில் நடமாட்டக் கட்டுப்பாடு வந்து கடைக் கதவுகள் மூடின. அவ்வருஷம் ஏப்ரல் முதல் செப்டம்பர் முடிய ஆறு மாதம் தவணை கட்ட வேண்டாம் என்று சலுகை கிடைத்தது. சலுகை முடிந்தது, வியாபாரம் திரும்பவில்லை. பெருநாள் வியாபாரத்தை நம்பி வாங்கிய சரக்கு மூட்டையோடு கிடந்தது. தவணை தவறத் தொடங்கியது.

முதல் கடிதம் வந்தபோதே பேங்குக்குப் போயிருக்க வேண்டும். நாம் போகவில்லை. கடிதத்தை மேஜையின் இழுப்பறையில், பழைய பில் புத்தகங்களுக்கு அடியில் வைத்தோம். இரண்டாவதும் அங்கேயே போயிற்று. வீட்டில் கேட்டபோது கரண்டு பில் என்று சொன்னோம். பேங்கிலிருந்து போன் வந்தால் அடுத்த வாரம் ஜுமுஆவுக்குள் கட்டிவிடுகிறோம் என்போம். ஜுமுஆ வரும், போகும். நாயகம் (ஸல்) அவர்கள் தொழுகையில் பாவத்திலிருந்தும் கடனிலிருந்தும் பாதுகாப்புத் தேடுவார்கள். கடனை விட்டும் இவ்வளவு அதிகமாகப் பாதுகாப்புத் தேடுகிறீர்களே என்று கேட்கப்பட்டபோது, கடன்பட்ட மனிதன் பேசினால் பொய் பேசுகிறான், வாக்களித்தால் மாறு செய்கிறான் என்ற கருத்தில் பதில் சொன்னார்கள். சிறு வயதில் மதரஸாவில் இதை மனப்பாடமாக ஒப்பித்த நாமே, நாற்பது வயதுக்கு மேல் நம் வாயாலேயே அதை மெய்ப்பித்தோம். அல்லாஹ் மன்னிப்பானாக.

ஒருநாள் மாலை மைத்துனர் கடைக்கு வந்தார். உட்காரச் சொன்னோம், உட்காரவில்லை. "எனக்கு லாயர் கடிதம் வந்திருக்கு, மச்சான். உங்களுக்கு எப்ப வந்துச்சு?" என்று மட்டும் கேட்டார். நாம் இழுப்பறையைத் திறந்து காட்டினோம். அவர் ஒவ்வொன்றாக எடுத்துத் தேதியைப் பார்த்தார். கோபப்பட்டிருந்தால் தேவலை. ஒன்றும் பேசாமல் எல்லாவற்றையும் தேதிவாரியாக அடுக்கி மேஜைமேல் வைத்துவிட்டு, "நாளைக்குக் காலையிலே ரெண்டு பேருமா போவோம்" என்றார். அதற்குள் கட்டடத்தை விற்கும்படி கோர்ட்டு உத்தரவாகி, ஏலத் தேதியும் குறித்தாகிவிட்டது. ஏழு வாரமே பாக்கி இருந்தது.

இந்த இடத்தில் சட்ட நடைமுறையை நம் வியாபாரிகள் தெரிந்துகொள்வது அவசியம். தீபகற்ப மலேசியாவில் நிலம் சம்பந்தமாக நடப்பது 1965-ம் வருஷத்துத் தேசிய நிலச் சட்டம். ஈடு வைத்தவர் தவணை தவறினால், பேங்க் முதலில் 16-டி பாரம் என்ற அறிவிப்பை அனுப்பும். அதில் கண்ட கெடுவுக்குள் குறையைத் தீர்க்காவிட்டால் விற்பனை உத்தரவு கேட்கும். பட்டாவின் வகையைப் பொறுத்து அது உயர் நீதிமன்றத்திலோ நில அலுவலகத்திலோ விசாரணைக்கு வரும். அங்கே போய், எனக்குக் கஷ்டம், வியாபாரம் நொடித்துவிட்டது என்று அழுதால் மட்டும் உத்தரவு நிற்காது. சட்டத்துக்கு விரோதமான ஏதாவது காரணத்தைக் காட்ட வேண்டும். உத்தரவான பிறகு ஒரு குறைந்தபட்ச விலை வைத்து ஏலம் விடுவார்கள். எடுப்பவர் பத்து சதவிகிதம் முன்பணம் கட்டி, மீதியை 120 நாளைக்குள் கட்ட வேண்டும். எடுக்க ஆளில்லாவிட்டால் அடுத்த ஏலத்தில் விலையைக் குறைப்பார்கள். வழக்கமாகப் பத்து சதவிகிதம் இறங்கும். இப்படி இரண்டு மூன்று தடவை இறங்கினால், வாப்பாமார்கள் வியர்வை சிந்திச் சேர்த்த சொத்து எந்த விலைக்குப் போகும் என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். ஏலப் பணம் கடனுக்குப் போதாவிட்டால், மீதிக்கும் நாமே பொறுப்பு. அந்த மீதி ஒரு லட்சம் வெள்ளிக்குக் குறையாமல் இருந்தால் திவால் நடவடிக்கைக்கும் வழி உண்டு.

ஆனால் அதே சட்டத்தில் ஒரு கதவும் திறந்திருக்கிறது. ஏலம் முடிவதற்கு முன் எந்த நேரத்திலும், அன்றைக்குச் சேர வேண்டிய பாக்கி முழுவதையும் செலவோடு கட்டிவிட்டால் விற்பனை உத்தரவு செல்லாமற் போய்விடும். 266-வது பிரிவு இதைச் சொல்லுகிறது. முழுவதும் கட்ட முடியாதவர்களுக்குப் பேங்கோடு பேசித் தீர்த்துக்கொள்ளும் வழி இருக்கிறது. கோர்ட்டு உத்தரவு ஆகிவிட்டதே, இனி என்ன பேச்சு என்று பலர் நினைத்துவிடுகிறார்கள். அது தவறு. கட்டடங்களை ஏலம் விட்டுக்கொண்டிருப்பது பேங்குக்கும் தொழில் அல்ல. அதற்கு வேண்டியது பணம். நாணயமான ஒரு கணக்கோடு போனால் கேட்பதற்கு அங்கும் மனிதர்கள் இருக்கிறார்கள்.

நாம் மைத்துனரோடு போனோம். பேரேடு, வரவு செலவுச் சிட்டை, பேங்க் கணக்கு, சரக்கு இருப்பு ஜாபிதா எல்லாவற்றையும் எடுத்துப்போனோம். அந்த அதிகாரி முஸ்லிமல்லாத ஒரு அம்மையார். எல்லாவற்றையும் பொறுமையாகப் பார்த்துவிட்டு ஒரே கேள்வி கேட்டார்: இன்றைக்கு எவ்வளவு கொடுப்பீர்கள், மாதம் எவ்வளவு உறுதியாகக் கொடுப்பீர்கள்? நமக்குப் பதில் வரவில்லை. இரக்கப்படுங்கள் என்று சொல்லத் தயாராகப் போனோமே தவிர, ஒரு தொகையைச் சொல்லத் தயாராகப் போகவில்லை. ஒரு வாரம் கழித்து வருகிறோம் என்று திரும்பினோம்.

அந்த வாரத்தில் வீட்டாரிடம் எல்லாவற்றையும் சொன்னோம். கரண்டு பில் என்று சொன்ன பொய்யையும் சொன்னோம். அவர்கள் சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு உள்ளே போய்த் தம் நகைப் பெட்டியைக் கொண்டுவந்து வைத்தார்கள். அது அவர்களுடைய பொருள். மார்க்கப்படி நமக்கு அதில் ஹக்கு இல்லை. கடனாகவே பெற்றுக்கொண்டோம், எழுதியும் கொடுத்தோம். கொடுக்கல் வாங்கலை எழுதி வையுங்கள் என்று கட்டளையிடும் வசனமே (2:282) குர்ஆனில் மிக நீளமான வசனம் அல்லவா? சரக்கு வேனை விற்றோம். கடையின் முன்பக்கத்தில் பாதியைக் கைப்பேசி வியாபாரிக்கு வாடகைக்கு விட்டோம். எல்லாம் சேர்த்து 70,000 வெள்ளி தேறியது.

பேங்க் ஏற்றுக்கொண்டது. தவணை தவறியதற்கான தண்டத் தொகை 14,000 வெள்ளியைத் தள்ளுபடி செய்தார்கள். 70,000 வெள்ளியை உடனே கட்டுவது, மீதியை ஏழு வருஷத் தவணையில் கட்டுவது, வக்கீல் செலவும் ஏலக்காரர் செலவும் நம்முடையது, தவறினால் மறுபடி ஏலத்துக்குப் போகப் பேங்குக்கு உரிமை உண்டு என்று உடன்படிக்கை எழுதினோம். ஏலத் தேதிக்கு ஒன்பது நாள் முன்பு, ஏலம் ரத்தானதாக வக்கீலிடமிருந்து கடிதம் வந்தது. அல்ஹம்துலில்லாஹ்.

இதிலிருந்து நாம் படித்த பாடங்கள் சிலவற்றைச் சொல்லுகிறோம்.

முதலாவது, கடிதத்தைப் பிரிக்க வேண்டும். இழுப்பறையில் கிடக்கும் கடிதத்துக்கும் வட்டி ஏறிக்கொண்டுதான் இருக்கும்.

இரண்டாவது, வாய்ப்பேச்சை நம்பக் கூடாது. மனுக் கொடுத்துவிட்டோம், ஏலம் நின்றுவிடும் என்று ஒருவர் வீட்டில் இருந்துவிட்டால் ஏலம் நடந்தே தீரும். ஏலம் ரத்து, தள்ளுபடித் தொகை, தவணை விவரம் எல்லாம் எழுத்தில் வர வேண்டும். கட்டும் பணத்துக்கெல்லாம் ரசீது வேண்டும். கடைசித் தவணை முடிந்ததும் ஈட்டை நீக்கும் 16-என் பாரத்தை வாங்கி நில அலுவலகத்தில் பதிவு செய்துகொள்ளவும் வேண்டும்.

மூன்றாவது, முடியாததை முடியும் என்று கையெழுத்துப் போடக் கூடாது. சொத்தைக் காப்பாற்ற வழியே இல்லை என்று கண்டால், பேங்கின் சம்மதத்தோடு நாமே நல்ல விலைக்கு விற்றுக் கடனை அடைப்பது ஏலத்தில் விடுவதைவிட மேல். சொத்துப் போனாலும் மிச்சப் பணம் கைக்கு வரும், மானமும் மிஞ்சும். கணக்குப் போடத் தெரியாதவர்களுக்கு, பேங்க் நெகாராவால் 2006-ல் அமைக்கப்பட்ட ஏ.கே.பி.கே. என்ற நிறுவனம் இலவசமாக ஆலோசனை சொல்லுகிறது. நல்ல வக்கீலிடம் ஒருமுறை காட்டுவதும் வீண்செலவு அல்ல.

இனி, நம்மிடையே உலவும் ஒரு பேச்சுக்கும் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. அது வட்டிக் கடன், வட்டி ஹராம், ஆகவே கட்டாவிட்டால் குற்றமில்லை என்று சிலர் சொல்லுகிறார்கள். வட்டி ஹராம் என்பதில் சந்தேகமில்லை. அதில் இறங்கியதற்காக நாம் தௌபாச் செய்தோம், செய்துகொண்டும் இருக்கிறோம். இந்நாட்டில் 1983 முதல் இஸ்லாமிய முறை பேங்க் நடந்துவருகையில் நமக்குச் சாக்குச் சொல்லவும் வழியில்லை. ஆனால் வட்டியைக் கண்டிக்கும் அதே இடத்தில்தானே (2:279) கடன் கொடுத்தவருடைய முதல் அவருக்கே உரியது என்றும், நீங்களும் அநியாயம் செய்யாமல் உங்களுக்கும் அநியாயம் செய்யப்படாமல் இருக்க வேண்டும் என்றும் இறைவன் அறிவிக்கிறான்? முதலை வாங்கிச் சரக்குப் போட்டோம், சாப்பிட்டோம், பிள்ளைகளைப் படிக்கவைத்தோம். வாங்கும்போது நினைவுக்கு வராத ஹராம், கொடுக்கும்போது மட்டும் நினைவுக்கு வருவது ஈமானின் அடையாளமா? வட்டிப் பகுதி பற்றிய மஸ்அலாவை ஆலிம்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள். முதலை ஏமாற்ற மார்க்கத்தைத் திரையாகப் பிடிக்காதீர்கள். வசதியுள்ளவன் இழுத்தடிப்பது அநியாயம் என்பது நபிமொழி.

ஸுல்ஹே நன்மையானது என்று திருமறையில் (4:128) வருகிறது. கணவன் மனைவி விஷயமாக அருளப்பட்ட வசனம் அது. ஆனாலும் எல்லா வழக்குக்கும் அதில் வழிகாட்டுதல் உண்டென்று பெரியோர் விளக்கம் தந்திருக்கிறார்கள். ஹராமை ஹலாலாக்காத, ஹலாலை ஹராமாக்காத எந்தச் சமாதானமும் முஸ்லிம்களிடையே செல்லும் என்று திர்மிதியில் ஹதீதும் இருக்கிறது.

ஜாமீன் போட்டவரையும் மறக்கக் கூடாது. ஒரு ஜனாஸா கொண்டுவரப்பட்டது. மூன்று தீனார் கடன் இருந்தது. நாயகம் (ஸல்) அவர்கள் தாம் தொழவைக்காமல், உங்கள் தோழருக்கு நீங்கள் தொழுதுகொள்ளுங்கள் என்றார்கள். அபூகதாதா (ரலி) அந்தக் கடனுக்குத் தாம் பொறுப்பு என்ற பிறகே தொழவைத்தார்கள். இரண்டு தீனார் என்று வரும் மற்றோர் அறிவிப்பில், மறுநாளும் அந்தக் கடன் என்னவாயிற்று என்று விசாரித்தார்கள் என்றும், கொடுத்தாயிற்று என்று கேட்ட பிறகே அந்த மையித்தின் உடல் இப்போது குளிர்ந்தது என்று கூறினார்கள் என்றும் வருகிறது. இரண்டு மூன்று தீனாருக்கு அந்த நிலை. நாம் இழுப்பறையைப் பூட்டிவைத்திருந்த மாதங்களில் மௌத்தாகியிருந்தால், நம் மைத்துனரல்லவா நம் கப்றுக்காக அலைந்திருப்பார்?

சகோதரர்களே! கடைசியாக ஒரு சொல். ஏலம் நின்ற அன்று இரவு நாம் பேரேட்டைப் புரட்டிக்கொண்டிருந்தோம். நம்மிடம் மொத்தமாகத் துணி எடுத்துப் பசார் மாலாமில் விற்ற ஒரு சிறு வியாபாரியின் பெயர் கண்ணில் பட்டது. அதே கட்டுப்பாட்டுக் காலத்தில் நொடித்தவர். நமக்கு 3,800 வெள்ளி பாக்கி. அவர் பெயருக்கு எதிரே, வக்கீலிடம் கொடுக்க வேண்டும் என்று நம் கையாலேயே எழுதிவைத்திருந்தோம். பேங்கிடம் அவகாசம் கேட்டு நின்ற அதே மாதத்தில் எழுதியது! கடன்பட்டவன் கஷ்டத்தில் இருந்தால் வசதி வரும்வரை அவகாசம் கொடுங்கள், தர்மமாக விட்டுவிடுவது இன்னும் நல்லது என்ற திருமறையின் ஆக்கினையை (2:280) பேங்குக்கு மட்டும் பொருத்திப் பார்த்தோமே தவிர, நமக்குப் பொருத்திப் பார்க்கவில்லை. தன் வேலையாட்களிடம் கஷ்டப்படுபவனை விட்டுவிடுங்கள் என்று சொல்லிவந்த ஒரு வியாபாரியை, அதன் பொருட்டு அல்லாஹ் மன்னித்தான் என்று நாயகம் (ஸல்) அவர்கள் சொல்லியிருக்கிறார்கள்.

மறுநாள் அவரைத் தேடிப்போனோம். நம்மைக் கண்டதும் பின்கட்டுக்கு ஒதுங்கப் பார்த்தார். நாம் போன் வந்தபோதெல்லாம் ஒதுங்கியது போலவே இருந்தது. பாதியை விட்டுவிட்டோம் என்றும், மீதியை மாதம் நூறு வெள்ளியாக முடிந்தபோது கொடுங்கள் என்றும் சொன்னோம். அவர் உடனே சட்டைப் பையிலிருந்து ஐம்பது வெள்ளி எடுத்து நீட்டினார். வேண்டாம் என்று சொல்ல வாயெடுத்தோம். எழுந்து கொடுத்துவிடு என்ற நாயகவாக்கு நினைவுக்கு வந்தது. வாங்கிக்கொண்டு ரசீது எழுதிக் கொடுத்தோம்.

யா அல்லாஹ்! கடன் சுமையிலிருந்தும் மனிதர்களின் அடக்குமுறையிலிருந்தும் எங்களைக் காப்பாயாக. கொடுக்க வேண்டியதை உயிரோடு இருக்கும்போதே கொடுத்து முடிக்கச் செய்வாயாக. வாங்க வேண்டியதில் இரக்கத்தைத் தருவாயாக. எங்கள் கடைகளையும் வீடுகளையும் ஹலாலான ரிஜ்கைக் கொண்டு பரக்கத்துச் செய்வாயாக. ஆமீன்.

வஸ்ஸலாம்.